ரிப்பன் வெட்டும் போட்டோவில் இல்லாதவர்கள்!

ஃப்ரெண்ட்ஸ், சின்னதா ஒரு டெஸ்ட். பயப்படாதீங்க, மார்க் எல்லாம் கிடையாது!

பனாமா கால்வாய் எந்த வருஷம் திறக்கப்பட்டது? 1914. க்விஸ் போட்டிக்குப் போகிற பார்ட்டிகள் தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்லிடுவீங்க. எந்த ரெண்டு கடலை இணைக்குது? அட்லாண்டிக், பசிபிக். சபாஷ்!

அடுத்த கேள்வி. அதை வெட்டினது யார்? 'அமெரிக்கா'ன்னு பின் பெஞ்சில் இருந்து ஒரு குரல் வருது. அது சரி... மண்ணை அள்ளினது யார் பாஸ்? வெடி வெச்சது யார்? அவங்களுக்கு ஒரு மணி நேரத்துக்கு என்ன கூலி? எத்தனை பேர் ஊர் திரும்பவே இல்லை?

இப்போ கிளாஸே கப்சிப்!

தப்பு உங்க மேல இல்லை. நம்ம புக்கில் நீளம், அகலம், உயரம், செலவு, திறப்பு விழா தேதி, இவ்வளவுதான் இருக்கும். மீதிக் கதையைத் தேடிப் போய் எழுதினவர் டேவிட் மெக்கல்லோ. அமெரிக்க வரலாற்று எழுத்தாளர். ஒரு அணை, ஒரு பாலம், ஒரு கால்வாய்... இந்த மூன்றையும் பற்றி மூன்று புத்தகங்கள். சிவில் படிக்கிறவங்க மட்டும் இல்லை, படிச்சு முடிச்சு ஏதாவது ஒரு பேப்பரில் கையெழுத்துப் போடப்போகிற எல்லோருமே தெரிஞ்சுக்க வேண்டிய மேட்டர் இது.

இன்ஜினீயர் இல்லை... இங்கிலீஷ் லிட்ரேச்சர்!

மெக்கல்லோ 1933-ல் பிட்ஸ்பர்க் நகரில் பிறந்தவர். யேல் பல்கலைக்கழகத்தில் படித்தது ஆங்கில இலக்கியம். வேலை பார்த்தது பத்திரிகைகளில். வரலாற்றில் டாக்டர் பட்டம் வாங்கியவர் இல்லை. பாலத்தின் எடையைத் தாங்கும் கணக்கெல்லாம் அவருக்கு கல்லூரியில் யாரும் சொல்லித் தரவில்லை.

வாஷிங்டனில் இருக்கும் லைப்ரரி ஆஃப் காங்கிரஸில் ஒருநாள் சில பழைய போட்டோக்களைப் பார்க்கிறார். ஒரு ஊர் முழுக்க நொறுங்கிக் கிடக்கிறது. இது ஜான்ஸ்டவுன், நம்ம ஏரியாப் பக்கத்து ஊர் ஆச்சே என்று தோன்றுகிறது. அந்த வெள்ளத்தைப் பற்றிப் புத்தகம் தேடுகிறார். கிடைத்தது எதிலும் திருப்தி இல்லை. 'படிக்க ஆசைப்படுற புத்தகம் கிடைக்கலையா, நாமே எழுதிட வேண்டியதுதான்' என்று உட்கார்ந்துவிட்டார். 1965-ல் செகண்ட் ஹேண்டில் வாங்கிய ஒரு டைப்ரைட்டர். கம்ப்யூட்டர் வந்த பிறகும் அதை விடவில்லை மனுஷன்!

1968-ல் ஜான்ஸ்டவுன் வெள்ளம், 1972-ல் புரூக்ளின் பாலம், 1977-ல் பனாமா கால்வாய். பிறகு அமெரிக்க ஜனாதிபதிகளைப் பற்றி எழுதி ரெண்டு புலிட்சர் பரிசு வாங்கியது தனிக்கதை. 2022-ல், 89 வயதில் காலமானார்.

மீன் தப்பிக்கக் கூடாது!

முதல் கதை, பென்சில்வேனியா மலைகளில்.

ஜான்ஸ்டவுனுக்கு மேலே சுமார் 23 கிலோமீட்டர் தூரத்தில் சவுத் ஃபோர்க் அணை. 72 அடி உயர மண் அணை. படகுக் கால்வாய்க்குத் தண்ணீர் கொடுக்கக் கட்டப்பட்டு, ரயில் வந்ததும் தேவையில்லாமல் போய், கைமாறிக் கைமாறி, கடைசியில் ஒரு பணக்கார கிளப்பிடம் வந்தது. கிளப் உறுப்பினர்கள் லிஸ்ட்டைக் கேளுங்க... ஸ்டீல் சக்கரவர்த்தி ஆண்ட்ரூ கார்னகி, ஹென்றி ஃபிரிக், ஆண்ட்ரூ மெலன். வீக் எண்ட் வந்தால் மீன்பிடி, படகுச் சவாரி, ஜாலி!

அணையின் அடியில் தண்ணீரைத் திறந்துவிட இரும்புக் குழாய்கள் இருந்தன. முந்தைய சொந்தக்காரர் அதைப் பிடுங்கி, பழைய இரும்பாக விற்றுவிட்டார். கிளப் அதைத் திரும்பப் போடவே இல்லை. அதாவது, மதகு இல்லாத ஏரி. குதிரை வண்டிகள் ஈஸியாகப் போகணும் என்று அணையின் உச்சியைக் கொஞ்சம் தாழ்த்தி அகலப்படுத்தினார்கள். நம்ம ஊர் ஏரிக்கு உபரித் தண்ணீர் போக கலிங்கு இருக்குமே, அது மாதிரி அங்கேயும் ஒன்று உண்டு. அதில் கம்பி வலை அடித்தார்கள். ஏன்? காசு கொடுத்து வாங்கிவிட்ட மீன் தப்பிக்கக் கூடாதாம்!

யாருக்கும் தெரியாமல் நடந்துவிட்டதா? அங்கேதான் ட்விஸ்ட். 1880-லேயே ஜான்ஸ்டவுன் இரும்பு ஆலை தன் இன்ஜினீயர் ஜான் ஃபுல்டனை அனுப்பி அணையைச் சோதிக்க வைத்தது. தண்ணீரை வடிக்க வழி இல்லை, கசிவும் இருக்கிறது என்று அவர் ரிப்போர்ட் கொடுத்தார். ரிப்பேர் செலவில் பங்கு தருகிறோம் என்றுகூட ஆலை சொன்னது. உங்களுக்கு எங்களால் ஓர் ஆபத்தும் வராது என்கிற ரீதியில் கிளப்பிடமிருந்து பதில் வந்தது. மேட்டர் க்ளோஸ்.

1889 மே 31. பேய் மழை. அணையில் வேலை பார்த்த இளம் இன்ஜினீயர் ஜான் பார்க் குதிரையில் பறந்துபோய் எச்சரிக்கிறார். தந்தி போகிறது. ஆனால், கீழே இருந்தவர்களுக்கு 'அணை உடையப்போகுது' என்பது வருஷா வருஷம் கேட்டுப் புளித்துப்போன 'புலி வருது' கதை. மதியம் 3 மணி தாண்டியதும் அணை உடைந்தது. ஒரு மணி நேரத்துக்குள் தண்ணீர் ஊருக்குள். வீடு, மரம், ரயில் எஞ்சின் என்று எல்லாவற்றையும் உருட்டிக்கொண்டு வந்த தண்ணீர்!

இறந்தவர்கள் 2,209 பேர். 99 குடும்பங்கள் ஒருவர்கூட மிஞ்சாமல் போயின. 700-க்கும் மேற்பட்ட உடல்கள் கடைசி வரை யாருடையது என்றே தெரியவில்லை. கோர்ட்டில் கிளப் மேல் ஒரு தீர்ப்புகூட வரவில்லை.

மெக்கல்லோ எழுத ஆரம்பித்தபோது, தப்பித்தவர்களில் சிலர் தள்ளாத வயதில் இன்னும் இருந்தார்கள். அவர்களை நேரில் போய்ப் பார்த்துப் பேசினார். அந்தப் புத்தகம் இயற்கைச் சீற்றம் என்ற ஒற்றை வார்த்தைக்குள் ஒளிந்துகொள்ள யாரையும் விடவில்லை. மழை வானத்தில் இருந்து வந்தது, சரி. குழாயைப் பிடுங்கியதும், ரிப்போர்ட்டைத் தூக்கிப் போட்டதும் மனிதர்கள்தானே?

78 அடி ஆழத்தில் ஒரு முடிவு

இரண்டாவது கதை நியூயார்க்கில். சினிமாவில் நூறு தடவை பார்த்த அதே புரூக்ளின் பாலம்.

டிசைன் போட்டவர் ஜான் ரோப்ளிங். 1869-ல் இடத்தை அளந்துகொண்டிருந்தபோது படகு மோதி கால் நசுங்கியது. டெட்டனஸ் வந்து சில வாரங்களில் இறந்துபோனார். பொறுப்பு மகன் வாஷிங்டன் ரோப்ளிங் தலையில். வயசு 32.

ஆற்றுக்கு நடுவே ரெண்டு ராட்சதத் தூண்கள் எழுப்பணும். அதற்கு கெய்சன் என்கிற பிரமாண்ட மரப்பெட்டியைக் கவிழ்த்து ஆற்றில் இறக்குவார்கள். தண்ணீர் உள்ளே வராமல் இருக்க அழுத்தமான காற்றை அடித்துக்கொண்டே இருப்பார்கள். தொழிலாளர்கள் அதற்குள் இறங்கி ஆற்றுப் படுகையைத் தோண்டணும். இருட்டு, புழுக்கம், சேறு. கூலி, நாளைக்கு ரெண்டு டாலர் சொச்சம்.

வேலை முடித்து மேலே வந்தால் சிலருக்கு மூட்டு மூட்டாக வலி. சிலருக்குப் பக்கவாதம். சிலர் அப்படியே சாய்ந்தார்கள். காரணம் இன்றைக்கு நமக்குத் தெரியும். சோடா பாட்டிலைப் பட்டென்று திறந்தால் நுரை பொங்குமே, அதே மேட்டர்தான். அழுத்தத்தில் ரத்தத்தில் கரைந்த நைட்ரஜன், வேகமாக மேலே வந்தால் குமிழியாகிவிடும். மெதுவாக மேலே கொண்டுவந்தால் பிழைக்கலாம். அப்போது எவ்வளவு மெதுவாக என்று யாருக்கும் பிடிபடவில்லை.

புரூக்ளின் பக்கத் தூணுக்கு 44 அடியில் கெட்டித் தரை கிடைத்துவிட்டது. மன்ஹாட்டன் பக்கம் தோண்டத் தோண்ட மணல்தான். பாறையைத் தொட இன்னும் ஆழம் போகணும். போகப் போக சாவும் கூடும். 1872 மே மாதம், 78 அடியில் ரோப்ளிங் ஒரு முடிவெடுத்தார். 'போதும், நிறுத்துங்க!' மணல் ரொம்ப கெட்டியாக இருக்கிறது, தூணைத் தாங்கும் என்பது அவர் கணக்கு. அந்தத் தூண் இன்றைக்கும் அதே மணல் மேல்தான் நிற்கிறது!

யோசிச்சுப் பாருங்க. அப்பாவின் கனவுப் பாலம், ஊரே பார்க்குது, அரசியல்வாதிகள் நச்சரிப்பு. பாறை வரை தோண்டியிருந்தால் யாரும் அவரைக் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். அவர் தன் கணக்கில் தொழிலாளியின் உயிரையும் ஒரு எண்ணாகச் சேர்த்துக்கொண்டார்.

தொழிலாளர்களோடு தானும் கெய்சனுக்குள் இறங்கியதில் அவரையே அந்த நோய் முடக்கிப்போட்டது. பிறகு வருஷக்கணக்கில் வீட்டு ஜன்னல் வழியாகத்தான் பாலத்தைப் பார்த்தார். அவருக்கும் சைட்டுக்கும் நடுவே நின்றவர் மனைவி எமிலி. கணிதம், கேபிள், பொருட்களின் பலம் என்று எல்லாவற்றையும் கற்றுக்கொண்டு, கணவரின் குறிப்புகளை எடுத்துப்போய், இன்ஜினீயர்களிடம் விளக்கினார். பெண்களுக்கு இன்ஜினீயரிங் காலேஜ் கதவு அவ்வளவாகத் திறக்காத காலம் அது, கேர்ள்ஸ்! பாலம் முடிந்தபோது முதலில் வண்டியில் அதைக் கடந்தவர் எமிலிதான்.

நடுவில் ஒரு ஃப்ராடு வேறு. கேபிளுக்குக் கம்பி சப்ளை செய்த காண்ட்ராக்டர் மட்டக் கம்பியை உள்ளே தள்ளிக்கொண்டிருந்தது 1878-ல் தெரியவந்தது. சுற்றிவிட்ட கம்பியைப் பிரிக்க முடியாது. தேவையைப்போல் ஆறு மடங்கு பலத்துக்கு ரோப்ளிங் முதலிலேயே டிசைன் போட்டிருந்ததால் தப்பித்தது. ஒவ்வொரு கேபிளுக்கும் கூடுதலாகச் சுமார் 150 கம்பிகள் சேர்த்துச் சமாளித்தார். அடுத்த தடவை 'ஃபேக்டர் ஆஃப் சேஃப்டி' என்று புரொஃபசர் போர்டில் எழுதும்போது கொட்டாவி விடாதீங்க. ஊரில் திருடன் உண்டு என்று தெரிந்த மனுஷர்கள் போட்ட கணக்கு அது!

1883 மே 24-ல் திறப்பு விழா. வாணவேடிக்கை, ஜனாதிபதி வருகை. கட்டும்போது செத்தவர்கள் இருபது பேருக்கு மேல். துல்லியமான எண்ணிக்கை இல்லை. கம்பி எத்தனை மைல் என்று கணக்கு வைத்தவர்கள், செத்தவர்களுக்கு ஒரு முழு லிஸ்ட் வைக்கவில்லை.

கட்டிலுக்கு அடியில் எமன்

மூன்றாவது, பனாமா. முதலில் வெட்ட வந்தது அமெரிக்கர்கள் இல்லை, பிரெஞ்சுக்காரர்கள். தலைவர் ஃபெர்டினாண்ட் டி லெசெப்ஸ். சூயஸ் கால்வாயைக் கொண்டுவந்த ஹீரோ. ஆனால், அவர் இன்ஜினீயர் இல்லை, தூதரக அதிகாரி. 'சூயஸ் மாதிரியே கடல் மட்டத்துக்கு வெட்டிடலாம்' என்று அடம்பிடித்தார். அது பாலைவனம், இது மலையும் காடும் மழையும்!

1879-ல் பாரிஸ் மாநாட்டில் கோடான் டி லெபினே என்ற இன்ஜினீயர் எழுந்து, ஆற்றுக்கு அணை கட்டி ஏரி உண்டாக்கி, லாக் வைத்து கப்பலை மேலே தூக்கி இறக்கலாம் என்றார். யாரும் மதிக்கவில்லை. கிட்டத்தட்ட அதே ஐடியாதான் பிற்பாடு ஜெயித்தது.

1881-ல் வேலை தொடங்கியது. மஞ்சள் காய்ச்சலும் மலேரியாவும் கொத்துக் கொத்தாக அள்ளிக்கொண்டு போயின. பிரெஞ்சுக்காரர்கள் கட்டிய ஆஸ்பத்திரியோ சூப்பர் ஆஸ்பத்திரி. எறும்பு ஏறாமல் இருக்க கட்டில் கால்களைத் தண்ணீர்க் கிண்ணத்தில் வைத்தார்கள். அந்தத் தண்ணீரில்தான் கொசு முட்டையிட்டது! வேறு வியாதிக்குப் படுத்தவர்களும் காய்ச்சல் வந்து செத்தார்கள்.

கொசுதான் மஞ்சள் காய்ச்சலைப் பரப்புகிறது என்று ஹவானா டாக்டர் கார்லோஸ் ஃபின்லே அதே 1881-ல் சொன்னார். நம்பத்தான் ஆள் இல்லை. மலேரியாவுக்கும் கொசுவுக்கும் உள்ள தொடர்பை ரொனால்ட் ராஸ் கண்டுபிடித்தது 1897-ல்... எங்கே தெரியுமா? நம்ம செகந்திராபாத்தில்!

இன்னொரு கொடுமை. நோயாளியை ஆஸ்பத்திரியில் சேர்த்தால் காண்ட்ராக்டர் தினமும் ஒரு டாலர் கட்டணும். அதனால் பல பேரைச் சேர்க்கவே இல்லை. ஆஸ்பத்திரி ரிஜிஸ்டரில் செத்தவர்கள் ஐயாயிரத்துச் சொச்சம். உண்மையில் 20,000-க்கும் மேல் இருக்கும் என்பது பிற்பாடு வந்த கணிப்பு. கம்பெனி திவாலாகி லட்சக்கணக்கான பிரெஞ்சுக் குடும்பங்கள் சேமிப்பைத் தொலைத்தன.

தங்க லிஸ்ட், வெள்ளி லிஸ்ட்

1904-ல் அமெரிக்கா வந்தது. டாக்டர் வில்லியம் கோர்காஸ், தேங்கிய தண்ணீரையெல்லாம் ஒழித்து, ஜன்னல்களுக்கு வலை அடித்து, வீடு வீடாகப் புகை போட்டு மஞ்சள் காய்ச்சலை விரட்டினார். அவர் மேலதிகாரிகளே ஆரம்பத்தில் கொசுக் கதையை நம்பாமல் கிண்டலடித்தவர்கள்தான். 1905 நவம்பரோடு பனாமா நகரத்தில் மஞ்சள் காய்ச்சல் ஓவர்.

ஆனால், எல்லா ஜன்னலுக்கும் வலை அடிக்கவில்லை!

ஆட்களை ரெண்டு லிஸ்ட்டாகப் பிரித்தார்கள். 'கோல்ட் ரோல்' என்பது பெரும்பாலும் வெள்ளை அமெரிக்கர்களுக்கு. சம்பளம் தங்கத்தில், இலவச வீடு, சம்பளத்தோடு லீவு. 'சில்வர் ரோல்' என்பது பார்படோஸ், ஜமைக்கா மாதிரி கரீபியன் தீவுகளில் இருந்து வந்த கறுப்பினத் தொழிலாளர்களுக்கு. சம்பளம் வெள்ளியில், பலருக்கு மணிக்கு 10 சென்ட். போஸ்ட் ஆபீஸ் ஜன்னல்கூட ரெண்டு லிஸ்ட்டுக்கும் தனித்தனி. பார்படோஸ் என்ற குட்டித்தீவில் இருந்து மட்டும் கிட்டத்தட்ட 20,000 பேர் ஒப்பந்தத்தில் வந்தார்கள்.

மழையில் நனைந்த துணியை மாற்ற வேறு துணி கிடையாது. ஒழுகும் கொட்டகை. நிமோனியா. 1906-ல் கறுப்பினத் தொழிலாளர்களின் இறப்பு விகிதம் வெள்ளையர்களைவிட மூன்று மடங்குக்கும் மேல். 1908 டிசம்பரில் ஒரே ஒரு டைனமைட் விபத்தில் 23 பேர் காலி. 1914 ஆகஸ்ட் 15-ல் கால்வாய் திறந்தபோது அமெரிக்கக் கணக்கில் செத்தவர்கள் 5,609 பேர். பெரும்பாலோர் வெள்ளி லிஸ்ட்.

மெக்கல்லோவின் புத்தகம் வெளிவந்த 1977-ல்தான் கால்வாயைப் பனாமாவிடமே ஒப்படைக்கும் ஒப்பந்தமும் கையெழுத்தானது. அடுத்த வருஷம் அமெரிக்க செனட்டில் காரசார விவாதம். ஆதரித்தவர்கள், எதிர்த்தவர்கள் ரெண்டு பேர் கையிலும் அந்தப் புத்தகம்! 67 ஓட்டு தேவை, 68 கிடைத்தது. 1999 டிசம்பர் 31-ல் கால்வாய் பனாமாவின் கைக்கு வந்தது.

அவர் போட்டோவிலும் சிலர் இல்லை!

மெக்கல்லோவோடு கதை முடிந்ததா? இல்லை. வெள்ளி லிஸ்ட் மனிதர்களைப் பற்றி அவர் எழுதினார். ஆனாலும் அவர் கதையின் நடுவில் நிற்பது பெரும்பாலும் லெசெப்ஸ்களும் ஜனாதிபதிகளும்தான். பின்னால் வந்தவர்கள் 'அது மட்டும் போதுமா?' என்று கேட்டார்கள். ஜூலி கிரீன் என்ற வரலாற்று ஆய்வாளர் 2009-ல் தொழிலாளர்களையே நடுவில் வைத்து ஒரு புத்தகம் எழுதினார். 1963-ல் நடந்த ஒரு போட்டிக்காக, வயசான கரீபியன் தொழிலாளர்கள் நூறு பேருக்கு மேல் தங்கள் அனுபவத்தைக் கைப்பட எழுதி அனுப்பியிருந்தார்கள். அந்தப் பக்கங்கள்தான் இப்படிப்பட்ட ஆய்வுகளுக்குப் பொக்கிஷம்.

பனாமாவில் பிறந்த மரிக்ஸா லாஸோ 2019-ல் இன்னொரு கேள்வி கேட்டார். கால்வாய் வருவதற்கு முன் அங்கே ஊர்களே இல்லையா? இருந்தன. கடைத்தெரு, நகராட்சி, அரசியல் எல்லாம் இருந்த ஊர்கள். 1912 உத்தரவுக்குப் பிறகு கால்வாய் மண்டலத்தில் இருந்து சுமார் 40,000 பேர் வெளியேற்றப்பட்டார்கள். 'எல்லாம் ஏரியில் மூழ்கிடுச்சு' என்றுதான் பொதுவாக நினைப்பு. ஏரிக்கு எட்டாத மேட்டில் இருந்த ஊர்களும் காலி செய்யப்பட்டன என்று அவர் ஆவணங்களோடு காட்டினார். அந்த மக்கள் சாவுக் கணக்கிலும் இல்லை, கூலிக் கணக்கிலும் இல்லை.

ஸோ... நமக்கென்ன?

மூன்று கதையிலும் ஒரு விஷயம் கவனிச்சீங்களா? தெரியாமல் நடந்தது கொஞ்சம்தான். அணை மோசம் என்று ஒருத்தர் எழுதியே கொடுத்தார். லாக் வைக்கலாம் என்று ஒருத்தர் மேடையிலேயே சொன்னார். கொசு வலை எப்படிப் போடணும் என்று தெரிந்த பிறகும், யார் வீட்டு ஜன்னலில் போடுவது என்பதை லிஸ்ட்தான் முடிவு செய்தது. பதில் கையில் இருந்தது. கேட்க ஆள் இல்லை, அல்லது அந்த உயிர்களுக்கு மதிப்பு இல்லை. 78 அடியில் நிறுத்தச் சொன்ன ரோப்ளிங் மாதிரி யாரோ ஒருத்தர் குறுக்கே நின்ற இடத்தில் மட்டும் கதை மாறியது.

நாளைக்கு நீங்களும் ஏதோ ஒரு ரிப்போர்ட் எழுதுவீங்க. இல்லைன்னா யாரோ எழுதின ரிப்போர்ட் உங்க டேபிளுக்கு வரும். 'இதெல்லாம் பார்த்தா வேலை நடக்குமா தம்பி'ன்னு சீனியர் ஒருத்தர் சிரிப்பார். அப்போ ஜான் ஃபுல்டன் ஞாபகத்துக்கு வரட்டும். கூடவே, அவர் ரிப்போர்ட்டுக்கு வந்த பதிலும்.

அதுக்கு முன்னாடி ஒரு சின்ன ஹோம் வொர்க். அடுத்த லீவுக்கு ஊருக்குப் போறப்ப, பக்கத்தில் இருக்கிற அணைக்கோ பாலத்துக்கோ ஒரு நடை போங்க. கல்வெட்டில் அமைச்சர் பேர் இருக்கும், தேதி இருக்கும். செல்ஃபி எடுத்துட்டுத் திரும்பிடாதீங்க. டீக்கடையில் உட்கார்ந்திருக்கிற ஒரு பெரியவரிடம் கேளுங்க. 'ஐயா, இது வர்றதுக்கு முன்னாடி இங்கே என்ன இருந்துச்சு? கட்டினப்ப வேலைக்கு வந்தது யாரு? அவங்க இப்போ எங்கே?'

அவர் சொல்றதை மறக்காம ஒரு நோட்டில் எழுதி வைங்க. பேர், ஊர், வருஷத்தோட. மெக்கல்லோ ஜான்ஸ்டவுனுக்குப் போனப்ப, சொல்றதுக்கு இன்னும் சிலர் மிச்சம் இருந்தாங்க. உங்க ஊர்ப் பெரியவருக்கு இப்போ என்ன வயசு இருக்கும்?